மூட்டைக்காரரிடம் போன துடுப்பு

கொக்குவிலில் சிவகௌரியின் மில்லுக்கு மிளகாய் கொண்டுபோன எவருக்கும் தங்கள் தூளோடு அடுத்த வீட்டுத் தூள் கலந்துவிட்டதோ என்ற சந்தேகம் இருபத்திரண்டு வருஷமாக வந்ததில்லை. வந்திருந்தாலும் அவள் முகத்தைப் பார்த்து அதைச் சொல்லும் துணிவு அந்தக் குறுகிய தெருவில், அந்த ஒழுங்கையில், யாருக்கும் இல்லை என்பது வேறு விஷயம்.

மில் வைத்திருப்பவர்களுக்கு மட்டும் தெரிந்த ஒரு சங்கதி உண்டு. மெசினுக்குள் போட்டதெல்லாம் வெளியே வராது. ஒரு பிடி உள்ளே நின்றுவிடும். அது அடுத்தவருடைய சாமானோடுதான் வெளிக்கிடும். முதலில் ஒடியல், காய்ந்த பனங்கிழங்கு, அரைத்தால் பின்னால் வருகிறவரின் அரிசிமாவில் கசப்பு ஏறும். மற்ற மில்காரர்கள் இதைக் கண்டும் காணாமல் விடுவார்கள். சிவகௌரி விடமாட்டாள். ஒவ்வொருவர் சாமானுக்கும் நடுவில் தன் வீட்டு அரிசியில் ஒரு பிடி போட்டு ஓடவிட்டு, வந்த மாவைக் கோழிக்குக் கொட்டிவிட்டுத்தான் அடுத்த பையை அவிழ்ப்பாள். அவள் வளவுக் கோழிகள் மாவைத் தின்று கொழுத்துத் திரிந்தன.

இப்படிப்பட்ட மனுசி ஐம்பத்தொரு வயதில் கம்பியூட்டர் விளையாட்டுக்குள் இறங்கினாள் என்று கேட்டதும் ஒழுங்கை சிரித்தது. ஊர் வாயை மூட உலைமூடி ஏது? சிரித்தவர்களில் ஒருவராவது அவள் உள்ளே போய் என்ன செய்தாள் என்று கேட்டிருந்தால் அந்தச் சிரிப்பு அன்றோடு நின்றிருக்கும்.

காரணம் மகன் தனோஜன். ஒரே பிள்ளை. இருபத்தைந்து வயதில் சரக்குக் கப்பலில் மெசின் அறை வேலை கிடைத்துப் புறப்பட்டான். நடுக்கடலில் இன்ரநெற் கிடையாது. போவதற்கு முதல் நாள் தன் பழைய லப்டொப்பைக் கொண்டுவந்து அம்மாவுக்கு முன் வைத்தான்.

"அம்மா, இதுக்குள்ளை எனக்கொரு வீடு கிடக்குது. பத்து நாளைக்கு ஒருக்கால் உள்ளுக்கை போய் எட்டிப் பாத்திட்டு வந்தால் போதும். நாப்பது நாள் ஒருத்தரும் போகாட்டி இடிச்சுப்போடுவாங்கள்."

"ஆர் இடிக்கிறது?"

"கேம்காரர்தான்."

"சாமான் சட்டியளோடையோ?"

"ஓம் அம்மா. எல்லாத்தோடையும்."

வீடு இடிபடுவது என்றால் என்னவென்று சிவகௌரிக்கு யாரும் விளங்கப்படுத்தத் தேவையில்லை. "நீ கவலைப்படாமல் போ" என்றாள்.

பத்து நாளுக்கு ஒருமுறை வீட்டை எட்டிப் பார்ப்பது என்ன பழக்கம் என்று அவள் தினமும் போனாள். காலைக் கூட்டம் வடிந்து, மத்தியானச் சமையலுக்கு முன் பதினொரு மணிக்கு. லப்டொப்பின் விசைகளுக்குள் மா போகாமல் மெல்லிய பொலித்தீன் தாள் ஒன்றை விரித்து ஒட்டியிருந்தாள். திரையில் வாளும் கவசமுமாய் ஒரு வீரன் நிற்பான். தலைக்கு மேல் தனோ என்று பெயர். மந்திரவாதிகளும் பறக்கும் நாகங்களும் திரியும் அந்த உலகத்தில், அந்த வீரன் ஒரு சண்டைக்கும் போகாமல் வீட்டுக் கதவைத் திறந்து, உள்ளே ஒரு சுற்றுச் சுற்றி, முற்றத்தில் நின்றுவிட்டு வருவான். இப்படி ஒழுக்கமான வீரனை அந்த உலகம் கண்டிராது.

ஒரு தொல்லை மட்டும் இருந்தது. தினமும் உள்ளே போகிறவர்களுக்கு விளையாட்டு ஏதாவதொரு பரிசு கொடுக்கும். ஒரு நாள் சிப்பி, ஒரு நாள் ஒற்றைக் கையுறை, ஒரு நாள் மீன் முள்ளு. மூன்று மாதத்தில் வீரனின் பை முட்டி வழிந்தது. அதற்கும் மகன் வழி சொல்லியிருந்தான். சந்தையின் மூலையில் ஒரு தாடிக்காரர் மூட்டையோடு குந்தியிருப்பார். வேண்டாத சாமான் ஒன்றை அவரிடம் கொடுத்தால் மூட்டைக்குள் கைவிட்டு வேறொன்றை எடுத்துத் தருவார். கிடைத்ததை ஆக்கித் தின்னலாம், உருக்கலாம், வீட்டில் வைக்கலாம். ஒரு ஆளுக்கு ஒரு நாளைக்கு ஒரு தடவைதான். அவருக்குப் பின்னால் மனிதர் யாரும் இல்லை. கம்பியூட்டரே ஆட்டுவிக்கும் பொம்மை. அவருக்குத் தெரிந்த வசனமே இரண்டுதான். "உனக்கு எது வேண்டாம்?" என்று கேட்பார். கொடுத்ததும், "யாருக்காவது உதவும்" என்பார். இரண்டும் ஆங்கிலத்தில். சிவகௌரி ஓ.எல். சோதினையில் ஆங்கிலத்தில் நல்ல புள்ளியோடு சித்தியடைந்தவள். அவளுக்கு அது போதுமாயிருந்தது.

"மூட்டை அண்ணை, இதை வைச்சிருங்கோ" என்று சொல்லித்தான் கொடுப்பாள். வாய்விட்டுச் சொல்வாள். பொம்மையென்றாலும் வயதான பொம்மை.

கூட்டுறவுச் சங்கத்தில் வேலைபார்த்து ஓய்ந்த கதிரவேலு, அவள் புருஷன், பேப்பருக்கு மேலால் எட்டிப் பார்ப்பார். "என்னப்பா, உம்மடை மூட்டையர் இண்டைக்கு என்ன தந்தவர்?"

"பித்தளைக் கிண்ணம்."

"குடுத்தது?"

"மீன் முள்ளு."

"அப்ப அவர் மடையர்தான்" என்பார் கதிரவேலு.

தைப்பொங்கல் வந்தது. பொங்கலுக்கு முதல் வீடு துப்புரவாக்க வேண்டும். கீறல் விழுந்த கண்ணாடி, வாய் உடைந்த கோப்பை, ஓடாத மணிக்கூடு, இவை ஒன்றும் வீட்டில் இருக்கக்கூடாது, இருந்தால் தரித்திரம். சிவகௌரி தன் வீட்டை இரண்டு நாளாய்க் கூட்டிக் கழுவித் துடைத்தாள். பிறகு லப்டொப்பைத் திறந்தாள். மகனுடைய வீடும் வீடுதானே? அங்கே மட்டும் தரித்திரம் குடியிருக்கலாமா? கூடத்துச் சுவரில் ஒரு துடுப்பு சாத்திக் கிடந்தது. நடுவில் முறிந்தது. இத்தனை நாளும் கண்ணில் படாமல் இருந்திருக்கிறதே என்று தன்னையே கடிந்துகொண்டு, அதை எடுத்துப்போய் மூட்டைக்காரரிடம் கொடுத்தாள். அவர் மூட்டைக்குள் கைவிட்டு ஒரு கம்பளிப் போர்வை எடுத்துத் தந்தார். வீட்டைத் திரும்பிப் பார்க்க அவளுக்கு மனம் நிறைந்திருந்தது. உலகத்தில் எத்தனையோ கோடிப் பேர் அந்த விளையாட்டை விளையாடுகிறார்கள். பொங்கலுக்கு வீடு துப்புரவாக்கி ஆபத்தை விலைக்கு வாங்கியவள் இவள் ஒருத்தியாகத்தான் இருப்பாள்.

பன்னிரண்டு நாள் கழித்துக் கப்பல் ஒரு துறைமுகத்தில் நிற்க, தனோஜன் போன் எடுத்தான். சாப்பாடு, வெயில், மேலதிகாரி எல்லாம் கதைத்து முடித்து, வைக்கப்போகும் நேரத்தில் சொன்னான்.

"அம்மா, மற்றச் சாமான் போனாலும் பரவாயில்லை. அந்த உடைஞ்ச துடுப்பு மட்டும் பத்திரம். அது டிலக்ஷன் செய்தது."

சிவகௌரி போனை மற்றக் காதுக்கு மாற்றினாள். "ஓம்" என்றாள். "பத்திரமாய்க் கிடக்குது."

டிலக்ஷன் அடுத்த ஒழுங்கைப் பிள்ளை. தனோஜனோடு முதலாம் வகுப்பிலிருந்து ஒன்றாய்ப் படித்தவன். இவள் குழைத்த புட்டுக்கு மாம்பழம் பிசைந்து தின்றவன். இரண்டு வருஷத்துக்கு முன் ஆவணி மாதம், கோண்டாவில் பக்கம் மோட்டார் சைக்கிளில் போகும்போது லொறி அடித்து இருபத்துமூன்று வயதில் போய்விட்டான். அந்த விளையாட்டில் இருவருமாய்ப் படகு கட்டியிருக்கிறார்கள். டிலக்ஷன் தன் கையால் செய்த முதல் சாமான் அந்தத் துடுப்பு. முதல் ஓட்டத்திலேயே முறிந்துபோக, சிரித்துக்கொண்டு தனோவிடம் கொடுத்திருக்கிறான். சாமானின் மேல் அம்புக்குறியை வைத்துக் கொஞ்சம் பொறுத்தால், செய்தவர் பெயர் எழுத்தில் வரும். அவள் அப்படி வைத்துப் பார்க்கவில்லை.

"விளையாட்டுச் சாமானப்பா" என்றார் கதிரவேலு, ஆறுதல் சொல்வதாய் நினைத்து. "கீறின படம். அதுக்குப்போய்..."

"அந்தப் பெடியன்ரை பேர் அதிலை கிடந்தது" என்றாள். "நான் அதைக் குப்பையெண்டு குடுத்தனான். பெத்த பிள்ளைக்குப் பொய்யும் சொல்லிப்போட்டன்." அவர் பேப்பரை மடித்து வைத்தார். தனோஜன் சித்திரை வருஷப்பிறப்புக்கு லீவில் வருவான். அதற்குள் துடுப்பு அந்தச் சுவருக்குத் திரும்ப வேண்டும்.

அன்றிலிருந்து வீரன் தனோ சந்தை மூலையில் மூட்டைக்காரருக்குப் பக்கத்தில் நிற்கத் தொடங்கினான். விளையாடுகிறவர்கள் எல்லாரும் மூட்டைக்காரர் கண்ணை மூடிக்கொண்டு கைக்கு வந்ததைத் தருகிறார் என்றே நம்பினார்கள். அதிர்ஷ்டம் என்றார்கள். சிவகௌரிக்கு அதிர்ஷ்டத்தில் நம்பிக்கை இல்லை, மெசினில் உண்டு. ஒருவர் போட்டது உள்ளே நின்று பின்னால் வருகிறவரோடு வெளிவராமல் வேறு எங்கே போகும்? ஒருவர் எதை வாங்கினாலும் அதன் படம் அவர் தலைக்கு மேல் ஒரு கணம் மின்னி மறையும். அவள் கணக்கு எழுதும் சி.ஆர். கொப்பி ஒன்று எடுத்தாள். ஒரு நாள், தனக்குப் பரிசாய் வந்த ரோசா நிற விளக்குக் கூட்டைப் போட்டுவிட்டுப் பின்னால் வருகிறவர்களைப் பார்த்திருந்தாள். ஆறு பேருக்குச் செருப்பும் சட்டியும் வந்தன. ஏழாவது ஆளின் தலைக்கு மேல் விளக்குக் கூடு மின்னியது.

மறுநாள் நத்தைக் கோது போட்டாள். ஏழாவது ஆள். அதற்கு மறுநாள் பூசணிக்காய். ஏழாவது ஆள். மூன்று கிழமை, ஒரு நாளும் பிசகவில்லை. கோடிக் கணக்கில் காசு போட்டுக் கட்டிய விளையாட்டின் குடலை, கொக்குவிலில் மிளகாய் அரைக்கிற ஒரு மனுசி எண்ணிக் கண்டுபிடித்தாள். இதை வேறு யாராவது கண்டுபிடித்திருந்தால் வீடியோ போட்டுப் பேரெடுத்திருப்பார்கள். அவள் கொப்பியை மூடி அரிசிப் பெட்டிக்கு மேல் வைத்தாள்.

கண்டுபிடித்ததால் அவளுக்கு இன்னொரு மனக்கஷ்டமும் வந்தது. போடுவது எங்கேயோ மறைந்துபோவதில்லை, ஏழாவதாக வருகிற ஒரு மனிதனின் கையில் போய் விழுகிறது என்று தெரிந்தபின் மீன் முள்ளைப் போட மனம் வரவில்லை. நல்ல சாமானாய்ப் பார்த்துப் போடத் தொடங்கினாள். கம்பளிப் போர்வை, தேன் போத்தல், புதுக் கையுறைச் சோடி. "வேண்டாததைத்தான் குடுக்கச் சொல்லிக் கிடக்குது" என்று கதிரவேலு சட்டம் கதைத்தார். "வேண்டாததை வாங்கிற ஆளும் மனுசன்தானே" என்றாள் அவள்.

மாசி நடுப்பகுதியில் ஒரு நாள் அவள் உள்ளே போனபோது மூட்டைக்காரரின் மறுபக்கத்தில் ஒருவன் நின்றான். சுற்றிவரத் தங்க வாளும் நெருப்பு ஈட்டியுமாய் ஆட்கள் திரிய, அவன் தோளில் முறிந்த துடுப்பு ஒன்று கிடந்தது.

சிவகௌரி பொலித்தீன் தாளுக்கு மேலால் ஒற்றை விரலால் எழுத வெளிக்கிட்டாள். அவள் "ஐயா" என்று ஆரம்பிக்க முன்னமே அவன் எழுதினான். எல்லாம் ஆங்கிலத்தில், தமிழில் சொன்னால் இப்படி இருக்கும்.

"தனோ! கடைசியில் வந்துவிட்டாயா! டிலா எங்கே?"

"நான் தனோ இல்லை. தனோவின் அம்மா" என்று எழுதினாள். அதை நம்ப வைக்கக் கொஞ்ச நேரம் பிடித்தது.

அவன் பெயர் ரோமெல். பிலிப்பைன்ஸ் நாட்டில் ஒரு சிறு தீவில் முச்சக்கரவண்டி ஓட்டுகிறவன். தனோவும் டிலாவும் அவனுமாய் மூன்று வருஷம் ஒரே படகில் ஓடியிருக்கிறார்கள். திடீரென்று இருவரும் வராமல் விட்டார்கள். தனோவுக்கு எத்தனையோ கடிதம் போட்டான், பதில் இல்லை. போன மாதம் மூட்டைக்காரர் அவன் கையில் இந்தத் துடுப்பை எடுத்துக் கொடுத்திருக்கிறார். அதில் டிலாவின் பெயர்.

"அவன் திரும்பி வந்துவிட்டான், பகிடிக்குத்தான் இதைப் போட்டிருக்கிறான் என்று நினைத்தேன்" என்று எழுதினான் ரோமெல். "முதலில் எங்கள் பழைய படகுத் துறையில் நின்று பார்த்தேன். இப்போது எட்டு நாளாய் இரவில் இங்கே வந்து நிற்கிறேன், பகலில் இன்றைக்குத்தான் வந்தேன். அவன் வந்துவிட்டானா அம்மா?"

சிவகௌரி கையை எடுத்துவிட்டாள். அந்த நேரம் பார்த்து வெளியே பக்கத்து வீட்டுத் தர்சிகா அரிசியோடு வந்து கூப்பிட்டாள். "கொஞ்சம் பொறுங்கள், மில்லில் ஆள்" என்று எழுதிவிட்டு எழுந்து போனாள். தர்சிகாவின் அரிசியை மெசினுக்குள் கொட்டி, அரைத்து, பையைக் கட்டிக் கையில் கொடுத்தபிறகுதான் நினைவு வந்தது. அதற்கு முன் அரைத்தது ஒடியல். நடுவில் ஒரு பிடி போடவில்லை. இருபத்திரண்டு வருஷத்தில் முதல் தடவை. பையைத் திருப்பி வாங்கி, தன் அரிசியில் அளந்து புதிதாய் அரைத்துக் கொடுத்து அனுப்பினாள்.

மத்தியானம் கதிரவேலுவிடம் சொன்னாள். அவர் சோற்றைப் பிசைந்தபடி யோசித்தார். கெட்ட மனுசனில்லை, சுருக்கு வழி தேடுகிற மனுசன்.

"இதிலை என்னப்பா கஷ்டம்? டிலக்ஷன்தான் கேட்டவன் எண்டு சொல்லும். தந்திடுவான். அவனுக்கும் சந்தோஷம், உமக்கும் சாமான் வந்திடும். அவன் எங்கையோ கிடக்கிறவன், அவனுக்கு என்னெண்டு தெரியப்போகுது?"

"செத்த பிள்ளையை உயிரோடை இருக்கிறான் எண்டு சொல்லியோ நான் துடுப்பு வாங்கிறது?"

"அப்ப என்ன செய்யப்போறீர்?"

"செத்தவீடு சொல்லப்போறன்."

யாழ்ப்பாணத்தில் கலியாணத்துக்குச் சொல்லாமல் விட்டாலும் மன்னித்துவிடுவார்கள். சாவைச் சொல்லாமல் விட்டால் மன்னிக்கமாட்டார்கள். சைக்கிள் எடுத்து ஆள் விட்டு, உரித்துக்காரர், சிநேகிதர், சண்டை பிடித்துக் கதை பேச்சில்லாதவர் எல்லாருக்கும் வாசலில் போய் நின்று சொல்லவேண்டும். சொல்லாமல் விட்டதால் தலைமுறைக்கும் முறிந்த குடும்பங்கள் உண்டு. டிலக்ஷன் போனபோது அவன் அப்பாவும் சித்தப்பாமாரும் அரியாலை தொடக்கம் பருத்தித்துறை வரை போய்ச் சொன்னார்கள். ஆனால் மூன்று வருஷம் அவனோடு ஒரே படகில் இருந்த ஒருவனுக்குச் சொல்லவேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. அப்படி ஒருவன் இருப்பதே தெரியாது. அதனால் அவன் இரண்டு வருஷமாய்ப் பார்த்துக்கொண்டு நிற்கிறான்.

அன்று பின்னேரம் முழுவதும் அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு கொப்பியில் எழுதி எழுதி வெட்டினாள். துடுப்பு கிடைக்காமலே போகலாம் என்பது அவளுக்குத் தெரியும். உண்மையைக் கேட்டால் அதை விட்டுக் கொடுக்க அவனுக்கும் மனம் வராது. இருந்தும் எழுதினாள். மறுநாள் பதினொரு மணிக்குக் கொப்பியைப் பார்த்து ஒவ்வொரு எழுத்தாய் அடித்தாள்.

"டிலா இனி வரமாட்டான். இரண்டு வருஷத்துக்கு முன் ஆவணி மாதம் வீதி விபத்தில் இறந்துவிட்டான். அதிக நேரம் நோவுபடவில்லை என்று டொக்டர் சொன்னார். அவன் என் வீட்டில் நிறைய நாள் சாப்பிட்டவன், நல்ல பிள்ளை. இதை நாங்கள் அப்போதே உங்களுக்கு அறிவித்திருக்க வேண்டும். அறிவிக்காதது எங்கள் பிழை. மன்னித்துக்கொள்ளுங்கள்."

துடுப்பைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. சாவு சொல்லப் போகிற இடத்தில் சாமான் கேட்கிறதில்லை.

திரையில் ரோமெலின் ஆள் மெல்லக் கீழே குந்தினான். துடுப்பை மடியில் வைத்தான். சந்தையில் ஆட்கள் அவனைச் சுற்றிக்கொண்டு போனார்கள். தனோவையும் அவனுக்குப் பக்கத்தில் எப்படி இருத்துவது என்று சிவகௌரிக்குத் தெரியவில்லை. விசை விசையாய் அமத்திப் பார்த்தாள். வீரன் துள்ளினான், வாளை உருவினான், கும்பிட்டான். ஒருவழியாய் இருந்தான். இருவரும் அப்படியே அரை மணித்தியாலம் இருந்தார்கள். பிறகு ரோமெல் மறைந்துபோனான்.

மூன்று நாள் அவன் வரவில்லை. துடுப்பும் போனது, ஆளும் போனான் என்று கதிரவேலு நினைத்தார். நாலாம் நாள் வந்தான்.

"நீங்கள் சொன்னதுக்கு நன்றி அம்மா. என் மனைவியோடு கோயிலுக்குப் போய் மெழுகுதிரி கொளுத்தினேன். இந்தத் துடுப்பு தனோவிடம்தான் இருக்கவேண்டும். எப்படித் தருவது?"

அதுதான் அடுத்த சிக்கல். முந்தி ஒருவர் கையிலிருந்து ஒருவர் கைக்குக் கொடுக்கலாம். கள்ள வியாபாரம் கூடியதென்று விளையாட்டுக்காரர் அதைத் தடுத்துவிட்டார்கள். மூட்டைக்காரர் வழியாய்த்தான் போகவேண்டும். மூட்டைக்குள் போட்டால் யார் கைக்குப் போகுமோ என்று ரோமெல் பயந்தான்.

"ஏழாவது ஆளுக்குப் போகும்" என்று எழுதினாள் சிவகௌரி. "நான் ஏழாவதாய் வருவேன்."

மறுநாள் காலைக் கூட்டம் வழக்கத்தைவிட முந்தியே கலைந்தது. பதினொன்றே காலுக்கு ரோமெல் துடுப்பை மூட்டைக்காரரிடம் கொடுத்தான். "யாருக்காவது உதவும்" என்றார் மூட்டைக்காரர். சிவகௌரி ஒரு கையில் பேனையும் கொப்பியுமாய் இருந்தாள். ஒன்று, நீலக் கவசக்காரி. இரண்டு, மூன்று, குள்ளர்கள் இருவர். பத்து நிமிஷம் யாரும் வரவில்லை. நாலு. ஐந்து. தானே ஆறாவதாய்ப் போனால் அன்றைய முறை முடிந்துவிடும். துடுப்பு முன்பின் தெரியாத ஒருவன் கையில் விழுந்து கடலுக்குள் கல் போட்டது போலாகிவிடும். எட்டாவதாய்ப் போனாலும் அதே கதைதான். சிவப்புப் போர்வைக்காரன் ஒருவன் வந்து மூட்டைக்கு முன் நின்றான். ஆறாவது ஆள். அவன் தலைக்கு மேல் கண்ணை வைத்திருந்தாள்.

அந்த நேரம் பார்த்து, வெளியே வறுத்துச் சாக்கில் குவித்திருந்த மிளகாயைக் கோழி ஒன்று கிண்டியது. காற்றோடு வந்த நெடியில் சிவகௌரி தும்மினாள். ஒன்றல்ல, மூன்று தும்மல். கண்ணைத் துடைத்துப் பார்த்தபோது சிவப்புப் போர்வைக்காரன் அங்கேயே நின்றான். வாங்கிவிட்டானா, இன்னும் இல்லையா? தெரியவில்லை. பின்னால் வேறு ஒருத்தி நடந்து வந்துகொண்டிருந்தாள்.

"கெதியாய்ப் போடுமப்பா" என்றார் பின்னால் நின்ற கதிரவேலு. பேப்பர் எப்போதோ கீழே விழுந்திருந்தது.

"தெரியாமல் போடேலாது."

இந்த ஊரில் யாரும் செய்கிறதைத்தான் அவள் செய்தாள். வரிசையில் முன்னால் நிற்கிறவரைக் கேட்டாள். "ஐயா, உங்கள் அலுவல் முடிந்துவிட்டதா?" என்று எழுதினாள். அந்த விளையாட்டில் அவனை ஒருவரும் ஐயா என்று கூப்பிட்டிருக்கமாட்டார்கள். கொஞ்சம் தயங்கி, "முடிந்தது அம்மணி, பழைய தொப்பி ஒன்று தந்தார்" என்று பதில் எழுதிவிட்டு ஒதுங்கி வழிவிட்டான். பின்னால் வந்தவள் எட்டிப் பிடிக்கமுன், சிவகௌரி தன்னிடமிருந்ததில் திறமான வெள்ளிக் குடம் ஒன்றை மூட்டைக்காரருக்கு முன் வைத்தாள்.

அவர் மூட்டைக்குள் கைவிட்டார். தனோவின் தலைக்கு மேல் முறிந்த துடுப்பு மின்னியது.

கதிரவேலு கை தட்டினார். ரோமெலின் ஆள் சந்தை நடுவில் துள்ளினான். சிவகௌரி துடுப்பின் மேல் அம்புக்குறியை வைத்துப் பொறுத்துப் பார்த்தாள். பெயர் வந்தது. வாசித்துவிட்டு முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். மிளகாய் நெடி என்றாள்.

சித்திரைக்கு இரண்டு நாள் இருக்கும்போது தனோஜன் வந்தான். மெலிந்து கறுத்திருந்தான். நேரே லப்டொப்பைத் திறந்தால் துடுப்பு சாத்திய இடத்தில் சாத்தியபடி இருக்கும். அவள் பேசாமல் இருந்திருந்தால் ஒன்றும் தெரிய வந்திராது. கதிரவேலு கண்ணால் அதைத்தான் சொன்னார். அவள் பிள்ளையைக் குளித்துவிட்டு வரச் சொல்லி, சாப்பாடு போட்டு, அவன் முன்னால் இருந்தாள்.

"தம்பி, துடுப்பு பத்திரமாய்க் கிடக்குதெண்டு போனிலை சொன்னது பொய்." எல்லாவற்றையும் சொன்னாள். பொங்கல் துப்புரவு, கொப்பி, ஏழாவது ஆள், தும்மல். அவன் சோற்றைப் பார்த்தபடி கேட்டுக்கொண்டிருந்தான்.

"ரோமெலுக்கு ஆர் சொன்னது?"

"நான்தான். செத்தவீடு சொன்னனான்."

"என்னெண்டு சொன்னனீங்கள்?"

கொப்பியை எடுத்துக் கொடுத்தாள். அவன் இடக்கையால் வாங்கி, வெட்டியதும் திருத்தியதுமான அந்தப் பக்கத்தை வாசித்தான். வாசித்து முடித்த பிறகும் கொப்பியை வைக்கவில்லை.

"அவன் எனக்கு நாப்பத்தொரு கடிதம் போட்டவன் அம்மா" என்றான். "ஒண்டையும் திறக்கேல்லை. திறந்தால் பதில் எழுத வேணும். நான் உள்ளுக்கை வாறது அவனுக்குத் தெரியக்கூடாதெண்டு சிநேகிதர் பட்டியலிலை என்ரை பேரையும் மறைச்சு வைச்சிட்டுத்தான் போனனான். டிலா செத்திட்டான் எண்டு ஒருதருக்கும் நான் என்ரை வாயாலை சொன்னதில்லை. அங்கை ஒரு ஆள் அவனைப் பாத்துக்கொண்டு நிண்டால், அவன் எங்கையோ இருக்கிறான் மாதிரிக் கிடந்தது."

டிலக்ஷனின் செத்தவீட்டில் தனோஜன் அழவில்லை. பந்தல் போட்டான், கதிரை இறக்கினான், வந்தவர்களுக்குத் தேத்தண்ணி கொடுத்தான். பெட்டியைத் தூக்கினான். முப்பத்தோராம் நாள் காரியம் முடிந்ததும் கப்பல் வேலைக்கு எழுதிப்போட்டான். என்ன தைரியமான பிள்ளை என்றது ஒழுங்கை. சிவகௌரி மட்டும் அதைத் தைரியம் என்று ஒருநாளும் சொன்னதில்லை.

இப்போது அவன் தோள் குலுங்கத் தொடங்கியது. எச்சில் கையோடு முகத்தை மூடினான். இரண்டு வருஷமாய் அடைத்துக் கிடந்தது அடித்தொண்டையிலிருந்து கிளம்பியது. சின்ன வளவு, மதிலுக்கு அந்தப் பக்கம் ஆட்கள் வருஷப்பிறப்புக்கு வீடு கழுவிக்கொண்டிருந்தார்கள். இருபத்தைந்து வயதுப் பிள்ளை வாய்விட்டு அழுவதை நாலு பேர் கேட்டால் நாளைக்கு ஒழுங்கையெல்லாம் கதையாகும். அது தெரிந்தால் அவன் பாதியில் விழுங்கிவிடுவான்.

சிவகௌரி அவன் தலையை ஒருதரம் தடவிவிட்டு எழுந்து மில்லுக்குப் போனாள். மெசினைப் போட்டாள். அது வளவு முழுவதும் அதிர இரையத் தொடங்கியது. வளவின் பின்கோடியில் நின்ற கதிரவேலு ஓடிவந்து, ஒரு பையும் இல்லாத வாங்குப் பலகையைப் பார்த்தார்.

"என்னப்பா, ஆற்றை சாமான் அரைக்கிறீர்?"

"ஒருதற்றையும் இல்லை" என்றாள் சிவகௌரி. அரிசிப் பெட்டியைத் திறந்து, தன் அரிசியைப் பிடி பிடியாய் அள்ளிப் போட்டுக்கொண்டே நின்றாள்.